எல்லைக்கல்லுக்கு இந்தப் பக்கம்

வெள்ளிக்கிழமை

அன்புள்ள அப்பாவுக்கு,

உங்கள் மகள் சத்தியப்பிரியா வணக்கத்துடன் எழுதுவது. கடிதத்தில் முதலில் நலம் விசாரித்துவிட்டுத்தான் செய்திக்கு வரவேண்டும் என்று தமிழ் டீச்சர் சொல்லியிருக்கிறார்கள். நீங்கள் நலமாகத்தான் இருப்பீர்கள் என்று நினைத்துக்கொண்டு, நேராகச் செய்திக்கு வருகிறேன். எனக்கு இப்போது பொறுமை இல்லை. அம்மா காலில் ஆணி ஏறிவிட்டது.

போனில் சொல்லக் கூடாதா என்று கேட்காதீர்கள். அம்மா நம்பரிலிருந்து கூப்பிட்டால் நீங்கள் எடுப்பதில்லை. மாமா நம்பர் என்றால் சொல்லவே வேண்டாம். பொங்கலுக்கு எனக்குச் சுடிதார் துணி அனுப்பினீர்களே, அந்தப் பார்சல் அட்டையில் நீங்கள் வேலை பார்க்கும் திருப்பூர் மெஸ்ஸின் முகவரி இருந்தது. அதை வெட்டி என் அறிவியல் புத்தகத்துக்குள் வைத்திருந்தேன்.

நம் தெரு முக்கில் பூட்டிக் கிடந்த செட்டியார் வீட்டை இப்போது பிரிக்கிறார்கள். தூண், நிலை, உத்திரம் எல்லாம் லாரியில் போகிறது. உத்திரத்திலிருந்து பிடுங்கிய ஆணிகளை யாரும் பொறுக்குவதில்லை. விரல் நீளம் இருக்கின்றன, எல்லாம் அந்தக் காலத்து ஆணிகள். அந்த வீட்டை ஒட்டின சந்தில்தான் மாடு கட்டுகிறார்கள், அந்தச் சந்து வழியாகத்தான் குழாயடிக்குப் போக வேண்டும். அம்மா காப்புக் கட்டியிருப்பதால் செருப்புப் போடுவதில்லை. நேற்றுக் காலையில் தண்ணீர்க் குடத்தோடு சாணிக்குள் கிடந்த ஆணியை மிதித்துவிட்டார்கள். குடத்தைக் கீழே போடாமல் வீடு வரைக்கும் வந்து, இறக்கி வைத்துவிட்டு, அப்புறம்தான் ஆணியைப் பிடுங்கினார்கள். எனக்கு அழுகை வந்தது. அம்மா, "கொடம் தப்பிச்சுச்சு" என்றார்கள்.

காப்பு என்று எழுதினேன் அல்லவா? இந்தப் பங்குனிக்கு அம்மா மாரியம்மனுக்குப் பால்குடம் எடுக்கிறார்கள். செவ்வாய்க்கிழமை காப்புக் கட்டியாயிற்று. பால்குடத்துக்கு இன்னும் பல நாள் இருக்கிறது. உங்கள் பெயரும் நட்சத்திரமும் சொல்லித்தான் கட்டிக்கொண்டார்கள். என்ன வேண்டுதல் என்று கேட்டேன், சொல்லவில்லை.

நான் பள்ளிக்கூடத்திலிருந்து வருவதற்குள் மஞ்சளும் சுண்ணாம்பும் குழைத்து ஓட்டையில் வைத்து அடைத்து, மேலே துணி சுற்றிவிட்டார்கள். அதைப் பார்த்ததும் கத்திவிட்டேன். ஏனென்றால் மத்தியானம்தான் நூலகத்தில் முதலுதவிப் புத்தகத்தைத் தேடி எடுத்துப் படித்திருந்தேன். ஆணி குத்தினால் ரத்தம் அதிகம் வராது, வாய் சின்னதாக இருக்கும், ஆழம் மட்டும் அதிகம். டெட்டனஸ் என்கிற ரணஜன்னிக் கிருமி மண்ணிலும் சாணியிலும் இருப்பது. காற்றுப் படாத இடம்தான் அதற்குப் பிடிக்கும். பற்றுப் போட்டு வாயை அடைப்பது அதற்குக் கதவைச் சாத்திக் கொடுப்பதுதான். கையைக் கழுவிவிட்டு, காயத்தைச் சோப்புப் போட்டு ஓடும் தண்ணீரில் நன்றாகக் கழுவ வேண்டும். சுத்தமான துணியால் மூட வேண்டும். அன்றைக்கே ஆஸ்பத்திரிக்குப் போய்க் காயத்தைக் காட்டி ஊசி போட வேண்டும். இதை வரிக்கு வரி அம்மாவுக்கு வாசித்துக் காட்டினேன். அம்மா அரிசி களைந்துகொண்டே, "ஆணி பளபளன்னுதான்டி இருந்துச்சு, துருவே இல்ல" என்றார்கள். துருவால் ஜன்னி வருவதில்லை என்று அப்போதுதான் வாசித்து முடித்திருந்தேன்!

கெஞ்சிக் கூத்தாடி, குழாயில் காலை நீட்ட வைத்துக் கழுவிவிட்டேன். இன்று காலையில் பார்த்தால் மறுபடியும் மஞ்சள் பற்று. இதற்கு நான் என்ன செய்ய முடியும், சொல்லுங்கள்.

ஊசிக்கு ஏன் போகவில்லை என்றால், காப்புக் கட்டினவர்கள் ஊர் எல்லையைத் தாண்டக் கூடாதாம். ஆஸ்பத்திரி சாக்கோட்டையில் இருக்கிறது. எல்லைக்கல் கண்மாய்க் கரையில் இருக்கிறது. அம்மா நடுவில் மாட்டிக்கொண்டார்கள். கிராம நர்ஸ் சித்ரா அக்காவை வழியில் மறித்துக் கூட்டிக்கொண்டு வந்தேன். அவர்கள் காலைப் பார்த்துவிட்டு, "இது ஆழமா எறங்கியிருக்கு. நான் இங்கன வச்சு ஊசி மட்டும் போட்டுட்டுப் போற காயம் இல்ல. உள்ள சுத்தம் பண்ணணும், டாக்டர் பாக்கணும். கடைசியா எப்ப ஊசி போட்டீக?" என்று கேட்டார்கள். அம்மா என்னைக் கைகாட்டி, "இவ வயித்துல இருக்கயில" என்றார்கள். அப்பா, நான் ஒன்பதாவது படிக்கிறேன். எனக்காகப் போட்டுக்கொண்டதுதான் அம்மாவின் கடைசி ஊசி. அதற்குப் பிறகு தனக்காக ஒன்றுமே போட்டுக்கொள்ளவில்லை.

மாமாவிடம் சொன்னேன். மருதுபாண்டி மாமாவைத்தான் உங்களுக்குத் தெரியுமே. "வாங்க டாக்டரம்மா" என்று கும்பிட்டுவிட்டு, "நான் மிதிக்காத ஆணியா? எல்லாத்தையும் சேத்து வச்சிருந்தா இரும்புக்கடை வச்சிருப்பேன்" என்று சிரித்தார்கள். அத்தையும் சிரித்தார்கள். பிழைத்தவர்கள்தான் கதை சொல்ல இருப்பார்கள் என்று எனக்குப் பட்டது. சொன்னால் வாயாடி என்பார்கள், அதனால் சொல்லவில்லை.

பூசாரி முத்துக்கருப்பனிடமும் போனேன். உடம்புக்கு முடியாதவர்கள் எல்லை தாண்டலாமா என்று கேட்டேன். அவர் மணியைத் துடைத்துக்கொண்டே, "சின்னப் பிள்ளைக்கு நான் உத்தரவு சொல்ல முடியுமா தாயி? காப்பு யாரு பேருல கட்டுனாகளோ, அவுக வந்து கேக்கட்டும், சொல்றேன்" என்றார்.

அவுக நீங்கள்தான். அதனால்தான் எழுதுகிறேன். அம்மாவைக் கூப்பிட்டு ஒரே ஒரு வார்த்தை சொல்லுங்கள். நீங்கள் சொன்னால் கேட்பார்கள்.

இப்படிக்கு,
உங்கள் அன்பு மகள்
சத்தியப்பிரியா


செவ்வாய்க்கிழமை

அன்புள்ள அப்பாவுக்கு,

வணக்கம். நேற்றுச் சாயங்காலம் நீங்கள் அம்மாவைக் கூப்பிட்டீர்கள். கடிதம் கிடைத்தது என்று தெரிந்துகொண்டேன், அதற்கு நன்றி. ஆனால் நீங்கள் கூப்பிட்டதால் காரியம் கெட்டுப் போய்விட்டது. இப்படி எழுதுவதற்கு என்னை மன்னித்துக்கொள்ளுங்கள். வேறு மாதிரி எழுதத் தெரியவில்லை.

நான் பக்கத்திலேயே நின்றேன். போனை வாங்கக் கையை நீட்டினேன், அம்மா சுவர்ப் பக்கம் திரும்பிக்கொண்டார்கள். "ம்" என்றார்கள். "சரிங்க" என்றார்கள். "அதெல்லாம் ஒண்ணுமில்லங்க, இவ பெருசு பண்றா" என்றார்கள். "நீங்க சாப்டீகளா?" என்று மூன்று தடவை கேட்டார்கள். அவ்வளவுதான், முடிந்துவிட்டது. ஊசி போடச் சொன்னீர்களா, இல்லையா? சொல்லியிருந்தாலும் அது அம்மா காதில் ஏறவில்லை. நீங்கள் கூப்பிட்டீர்கள் என்பது மட்டும்தான் ஏறியது.

அப்புறம் முகத்தைக் கழுவி, சாமிக்கு வைத்திருந்த பூவில் கொஞ்சம் கிள்ளித் தலையில் வைத்துக்கொண்டார்கள். "பாத்தியாடி, தீவாளிக்கு அப்பறம் எங்கூட ஒரு வார்த்த பேசாதவுகள, காப்புக் கட்டுன ஒரே வாரத்துல ஆத்தா பேச வச்சுட்டா. இப்பப் போயி எல்லையத் தாண்டச் சொல்றியே, நீயெல்லாம் ஒரு பிள்ளையா?" என்றார்கள்.

உங்களைப் பேச வைத்தது ஆத்தா இல்லை, நான் தபாலில் போட்ட கடிதம் என்று சொல்ல வாயெடுத்தேன். அம்மாவின் முகத்தைப் பார்த்தேன். சொல்லாமல் இருந்ததற்காக என் மேலேயே எனக்குக் கோபமாக வருகிறது. உண்மையைச் சொன்னால் ஒருவேளை ஆஸ்பத்திரிக்குப் போவார்களோ என்னவோ. ஆனால் அந்தப் பூவை எடுத்துவிடுவார்கள்.

கால் வீங்கியிருக்கிறது. தொட்டால் சுடுகிறது. அம்மா குதிகாலை ஊன்றாமல் விரலால் நடக்கிறார்கள். ரணஜன்னி வந்தால் முதலில் தாடை இறுகும், வாயைத் திறக்க முடியாது, விழுங்க முடியாது என்று புத்தகத்தில் இருக்கிறது. அது சில நாள் கழித்தும் வரலாம், மூன்று வாரம் கழித்தும் வரலாமாம். அதனால் தினமும் காலையில் எழுந்ததும் அம்மாவிடம் ஒரு சீப்புச் சீடையைக் கொடுத்துக் கடிக்கச் சொல்கிறேன். கடக்கென்று சத்தம் கேட்ட பிறகுதான் பள்ளிக்கூடம் கிளம்புகிறேன். "வெரதம் இருக்கவள காலங்காத்தாலயே திங்க வைக்கிறா பாரு, பாவி" என்று திட்டிக்கொண்டேதான் கடிக்கிறார்கள். எனக்குப் பயமாக இருக்கிறதே என்றுதான் கடிக்கிறார்கள் என்பதும் எனக்குத் தெரியும். இன்றைக்குச் சத்தம் கேட்டது. நாளைக்கும் கேட்க வேண்டும். வகுப்பில் உட்கார்ந்து கணக்குப் போடும்போது அந்தச் சத்தத்தைத்தான் நினைத்துக்கொண்டிருக்கிறேன்.

நேற்று ஒன்று செய்து பார்த்தேன். அம்மாவின் காப்பை நான் கட்டிக்கொள்கிறேன், நான் பால்குடம் எடுக்கிறேன், நீங்கள் ஊசிக்குப் போங்கள் என்றேன். அம்மா பதறிப்போய், "ஒனக்கு முழுப் பரீட்ச வருதுல்ல? எல்லையத் தாண்டாம எப்படிடி பள்ளிக்கூடம் போவ?" என்றார்கள். பரீட்சைக்கு என்றால் தாண்ட வேண்டும், உயிருக்கு என்றால் தாண்டக் கூடாதா என்று கேட்டேன். அடுப்பில் ஒன்றுமே இல்லை, ஆனாலும் அடுப்பங்கரைக்குள் போய்விட்டார்கள்.

மாமாவும் நேற்று வந்து காலைப் பார்த்தார்கள். இந்தத் தடவை சிரிக்கவில்லை. அம்மாவோடு சண்டை போட்டார்கள், தூக்கிக்கொண்டு போய் வண்டியில் வைப்பேன் என்றார்கள். அம்மா வாசல் நிலையைப் பிடித்துக்கொண்டு, "தொட்டீன்னா நீ எனக்கு அண்ணனே இல்ல" என்றார்கள். வெளியே வந்து மாமா என்னிடம் தணிந்த குரலில், "தாத்தா தெவசத்தன்னைக்கு எல்லாரு முன்னாடியும் ஒங்கப்பன நான் அப்படிப் பேசியிருக்கக் கூடாதுத்தா. மச்சான் வந்தா நான் அங்குட்டு ஒதுங்கிக்கிறேன்" என்றார்கள். இதை உங்களிடம் சொல்லச் சொல்லவில்லை. நானாகத்தான் எழுதுகிறேன்.

இனி ஒரு விஷயம் மட்டும் பாக்கி இருக்கிறது. தினமும் காலையில் அம்மா எனக்குச் சாப்பாட்டுப் பையைத் தூக்கிக்கொண்டு எல்லைக்கல் வரைக்கும் வருவார்கள். கல்லுக்கு அந்தப் பக்கம் பஸ் நிறுத்தம். கல்லுக்கு இந்தப் பக்கம் நின்றே பையை நீட்டுவார்கள். இந்தக் காலோடு ஏன் வருகிறீர்கள் என்று எத்தனையோ தடவை சத்தம் போட்டுவிட்டேன், கேட்கவில்லை. என்னை வழியனுப்பத்தான் வருகிறார்கள் என்று இத்தனை நாள் நினைத்திருந்தேன். இன்றைக்கு ஜன்னல் பக்கம் இடம் கிடைத்தது, திரும்பிப் பார்த்தேன். அம்மா பஸ்ஸில் ஏறின என்னைப் பார்க்கவில்லை. பஸ்ஸிலிருந்து இறங்குகிறவர்களைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். கடைசி ஆள் இறங்கின பிறகும் அப்படியே நின்றார்கள். என்ன வேண்டுதல் என்று இனிமேல் நான் கேட்க மாட்டேன்.

அப்பா, இனிமேல் போன் செய்யாதீர்கள். போனில் பேசி ஒன்றும் ஆகாது. இந்தக் கடிதத்தை மேலத் தெரு ஆதித்தன் அண்ணனிடம் கொடுத்துவிடுகிறேன், பனியன் கம்பெனி வேலைக்கு இன்றைக்குத் திருப்பூர் கிளம்புகிறார். உங்கள் கையிலேயே கொடுத்துவிடுவதாகச் சொல்லியிருக்கிறார். நீங்கள் படித்தவுடன் கிளம்பினால் வியாழக்கிழமை காலையில், நான் பள்ளிக்கூடம் போகிற அந்தப் பஸ் வரும்போது நிறுத்தத்தில் இறங்கிவிடலாம். ஊசி போட நாள் தள்ளிவிட்டதே என்று சித்ரா அக்காவிடம் கேட்டேன். "தள்ளுனது தப்புதான், ஆனா போடாம விடுறத விட எப்பப் போட்டாலும் நல்லது, சீக்கிரம் கூட்டிட்டுப் போங்க" என்றார்கள்.

நீங்கள் ஊருக்குள் வர வேண்டாம். கோயிலுக்கு வர வேண்டாம். யார் முகத்திலும் முழிக்க வேண்டாம். பஸ்ஸை விட்டு இறங்கி, கல்லுக்கு அந்தப் பக்கம் சும்மா நில்லுங்கள். வா என்றுகூடக் கூப்பிட வேண்டாம். அம்மா பையை என் கையில் கொடுக்க மறந்துவிட்டு வருவார்கள். அடுத்த பஸ்ஸில் ஏறினால் சாக்கோட்டை ஆஸ்பத்திரி. நான் அன்றைக்குப் பள்ளிக்கூடத்துக்கு லேட்டாகப் போனாலும் பரவாயில்லை.

மாரியாத்தா உங்களுக்கு வழித்துணையாக இருக்கட்டும். ஒருவேளை அதற்குப் பிறகு ஊருக்குள்ளும் வருவதாக இருந்தால், வீட்டு வாசல் வரைக்கும் செருப்பைக் கழற்றாமல் வாருங்கள். நம் தெருவில் இன்னும் ஆணி கிடக்கிறது.

இப்படிக்கு,
கல்லுக்கு இந்தப் பக்கம் அம்மாவோடு நிற்கப்போகும் உங்கள் மகள்
சத்தியப்பிரியா