முன்பாரம் கூடிப்போச்சு, அத்தான்

ஆசை அத்தானுக்கு,

செய்தியை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். கிரீஸில் கடலுக்கடியில் கிடக்கும் அந்தச் சாடிகளை அக்கா பார்த்துவிட்டார். கரையில் நின்று எட்டிப் பார்க்கவில்லை. படகில் போய், தானே சுக்கான் பிடித்து, மேலே நின்று பார்த்தார்.

"நீ எழுதுறதிலை முதல் பந்திதான்ரா செய்தி, மிச்சமெல்லாம் பேப்பர் நிரப்புற வேலை" என்று நான் பத்திரிகையில் சேர்ந்த நாளிலிருந்து சீண்டிக்கொண்டிருந்தீர்கள். அவசரமென்றால் இத்தோடு நீங்கள் எழும்பிப் போகலாம். ஆனால் இப்போது உங்களுக்கு என்ன அவசரம்? இருந்து முழுவதையும் கேளுங்கள்.

உங்களைத் தெரியாதவர்களும் இதை வாசிப்பார்கள். அதனால் உங்களுக்குத் தெரிந்த சிலவற்றையும் சொல்ல வேண்டியிருக்கிறது, பொறுத்துக்கொள்ளுங்கள்.

டெனிஷ்காரரின் நாட்டுக்கு அகதியாக வந்து ஸ்கீவவில் இருந்த முதல் கோடையில்தான் நீங்கள் கயாக் படகைக் கண்டீர்கள். காலை நீட்டிக்கொண்டு, இடுப்பில் சாறம் மாதிரி எதையோ இறுக்கிக்கொண்டு, ஃபியோர்ட் என்ற ஒடுங்கிய கடல்வாயில் போகும் மனிதர்கள். "கதிரையிலை இருந்தபடி கடலுக்குப் போறாங்கள் மச்சான்" என்று எனக்குச் சொன்னது நினைவிருக்கிறதா? பிறகு கிரின்ஸ்டெட்டில் தொழிற்சாலை வேலை, பிள்ளை, கடன், கார். வைலேக்கு வந்து, வீடு வாங்கி, மூச்சு விட்ட பிறகுதான் கயாக் சங்கத்தில் சேர்ந்தீர்கள். இரண்டு பேர் இருக்கும் பழைய படகொன்றையும் வாங்கினீர்கள். மஞ்சள் படகு.

முன்னிருக்கைக்கு ஆள் வேண்டும். அக்கா மறுத்துவிட்டார். "உங்கட விசர் வேலைக்கு நான் ஆளில்லை" என்று தேத்தண்ணிப் போத்தலோடு காருக்குள் இருந்துவிட்டார். அப்படித்தான் நான் பிடிபட்டேன்.

உங்களிடம் ஒரேயொரு விதிதான் இருந்தது. முன்னுக்கு இருப்பவன் திரும்பிப் பார்க்கக் கூடாது. பார்த்தால் படகு ஆடும். "நீ முன்னுக்குப் பார். பின்னுக்கு நான் இருக்கிறன்." யோசித்துப் பார்க்கிறேன், அத்தான். தண்ணீரில் இருந்த அத்தனை வருடமும் உங்கள் முகத்தை நான் கண்டதே இல்லை. குரல் மட்டும்தான். வைலே பாலத்துக்குக் கீழே போகும்போது எதிரொலிக்காக நீங்கள் போடும் கூச்சல், பிறகு அதற்கு நீங்களே சிரிக்கும் சிரிப்பு.

சங்கம் ஒழுங்கு செய்த கிரேக்கப் பயணத்துக்கு உங்கள் பெயரையும் என் பெயரையும் கொடுத்துவிட்டு, மாசியில், இதயம் நின்று, போய்விட்டீர்கள். பங்குனியில் சங்கத்திலிருந்து பியர்தே எனக்குத் தொலைபேசி எடுத்தார். உங்களோடு சண்டை பிடித்துக்கொண்டே உங்களுக்குக் கேக் கொண்டுவரும் அதே பியர்தேதான். இரண்டு இடங்களையும் என்ன செய்வது என்று மெதுவாகக் கேட்டார். நான் அப்போது உங்கள் வீட்டுக் குசினியில் நின்றேன். வேறு ஆட்களுக்குக் கொடுத்துவிடுங்கள் என்றேன்.

அடுப்படியில் நின்ற அக்கா திரும்பினார். "ஆரைக் கேட்டடா இல்லையெண்டனீ?"

"இல்லையக்கா, அத்தான் இல்லாமல்..."

"அந்த மனிசன் பாக்கவேணும் பாக்கவேணும் எண்டு கிடந்த இடம். ஒருத்தரும் பாக்காமல் விடுறதோ? நான் வாறன். பாத்திட்டு வந்து அவருக்குச் சொல்லோணும்."

அவ்வளவுதான். அதற்குப் பிறகு அந்த வீட்டில் வேறு கதை இல்லை.

கோயில் மண்டபத்தில் ஒருவர் கேட்டார்: "ஆண்டுத் திவசமும் முடியேல்லை, அதுக்குள்ளை கிரீஸுக்கோ தங்கச்சி?" அக்கா அன்னதானத் தட்டைக் கீழே வைக்காமலே சொன்னார்: "ஓம் அண்ணை. அவற்ற இடத்திலைதான் போறன்." ஓகூசில் இருக்கும் உங்கள் மகள் துளசி தொலைபேசியில் டெனிஷில் திட்டினாள். அம்மாவுக்குப் பைத்தியமா, தலையை நனைக்கவே பயம், கடலில் என்ன வேலை என்று. "சரி பிள்ளை, உழுந்து ஊறப்போட்டிருக்கிறன், போனை வை" என்று அக்கா தமிழில் பதில் சொன்னார்.

துளசி சொன்னதிலும் உண்மை இருந்தது. அக்காவுக்கு நீந்தத் தெரியும். ஆனால் தலை மட்டும் தண்ணீருக்கு மேலே, அன்னம் போல. சங்கத்தின் சோதனையோ கவிழ்வது. படகோடு தலைகீழாகப் புரண்டு, படகோடு பிணைத்த இடுப்புத் துணியைத் தண்ணீருக்குள் கழற்றி, வெளியே வந்து, திரும்ப ஏற வேண்டும். நீச்சல் தடாகத்தில் பியர்தே இடுப்பளவு தண்ணீரில் நின்றார். அக்கா கொண்டையை இறுக்கினார், "முருகா" என்றார், கவிழ்ந்தார். இருமிக்கொண்டு மேலே வந்த அக்கா முதலில் சொன்னது: "இவ்வளவுதானோ? இதுக்கோ அந்த மனிசன் சான்றிதழைச் சட்டம் போட்டுச் சுவரிலை கொழுவினது?"

முதல் தடவை ஃபியோர்ட்டில் இறங்கியபோது உங்கள் படகின் இரண்டு இருக்கைகளையும் மாறி மாறிப் பார்த்தார். "முன்னுக்கு இருந்தால் உன்ர சொல்லைக் கேட்கோணும். நான் பின்னுக்கு" என்று ஏறி, சுக்கான் மிதிகளில் காலை வைத்துவிட்டார். கோடை முழுவதும் பழகினோம். நேராகவே போனார், அத்தான். பொய் சொல்லவில்லை.

ஆனால் கிரீஸில் முதல் நாள் எல்லாம் பிழையாகப் போனது.

பெலொப்பொனீஸின் கிழக்குக் கரை. பத்துப் பேர். வழிகாட்டி யானிஸ், நாற்பது வயதிருக்கும், ஒரு சொல்லையும் வீணாக்காதவர். தண்ணீரைப் பற்றி மட்டும் சொல்லிவிடுகிறேன்: எங்கள் ஃபியோர்ட் தேத்தண்ணி நிறம், துடுப்பு போன இடம் தெரியாது. அங்கே படகின் நிழல் அடிமணலில் கூடவே வந்தது. அதைப் பார்த்து அக்கா முதல் பத்து நிமிடம் சின்னப் பிள்ளை மாதிரிக் கூவினார்.

பிறகு காற்று வந்தது. எங்கள் வாடகைப் படகு மூக்கைத் தண்ணீருக்குள் குத்திக்கொண்டு காற்றுப் பக்கமாகவே திரும்பியது. அக்கா சுக்கானை மிதித்தார், கேட்கவில்லை. நான் துடுப்பை ஒரு பக்கமாகவே வலித்தேன், கேட்கவில்லை. மற்றவர்கள் கோடு போட்ட மாதிரிப் போக, நாங்கள் மட்டும் கடலில் கோலம் போட்டோம்.

"தம்பி, நேர வலி!"

"நான் நேரத்தான் வலிக்கிறன், நீங்கள்தான் கடைக்குப் போறமாதிரி வளைக்கிறியள்!"

"வாயை மூடிக்கொண்டு வலி!"

கடைசி ஒரு மணி நேரம் அக்கா சுக்கானை மாறி மாறி மிதித்துக்கொண்டே வந்தார்.

மாலையில் கடற்கரைக் கூடார முகாமில் யானிஸ் வந்து எங்களருகே குந்தினார். நாளை ஒரு முனையைச் சுற்ற வேண்டும், அங்கே காற்று இன்னும் பலம், நேராகப் போக முடியாத படகை நான் கூட்டிப் போக மாட்டேன் என்றார். நீங்கள் வான் வண்டியில் வந்து கரையில் நிற்கலாம் என்றார். ஆனால் கரையிலிருந்து பார்த்தால் வெயிலின் பளபளப்பு மட்டும்தான் தெரியும் என்பதையும் மறைக்காமல் சொன்னார். முகமூடி போட்டுத் தலையைத் தாழ்த்தி நீந்திப் போவதோ அக்காவால் ஆகாத காரியம்.

"ஓகே" என்றார் அக்கா. யானிஸ் போன பிறகு என்னிடம் சொன்னார்: "எனக்கு ஏலாது போலடா. அவர் இருந்திருந்தால் படகு நேர போயிருக்கும்."

நான் எழும்பிப் படகடிக்குப் போனேன்.

படகுகளை மேலே தூக்கி வைக்கும் நேரம். எங்கள் படகின் பின்பக்கத்தைப் பியர்தே ஒரு கையால் தூக்கிவிட்டார். முன்பக்கத்தை யானிஸ் தூக்கினார். அது அசையவில்லை. இரண்டு கையாலும் தூக்கினார். பிறகு நிமிர்ந்து, முன்பக்கச் சாமான் அறையின் மூடியைக் காட்டி, "இதற்குள் உடுப்புத்தானே இருக்கிறது என்றீர்கள்?" என்று கேட்டார்.

அக்கா கடலைப் பார்த்தார்.

மூடி திறந்தது. குத்தரிசி. டின் மீன். உருளைக்கிழங்கு. வெங்காயம். ஒரு போத்தல் இடிச்ச மிளகாய்ச் சம்பல். பருத்தித்துறை வடை ஒரு பெட்டி. தேங்காய், முழுசாக. எல்லாவற்றுக்கும் அடியில் உங்கள் வீட்டு அலுமினியச் சட்டி, மூடியோடு. அத்தான், அந்தச் சட்டி அந்த வட்ட வாயால் எப்படிப் போனது என்று எனக்கு இன்னும் விளங்கவில்லை.

யானிஸ் சட்டியைத் தட்டிப் பார்த்தார். "இது கயாக்கா, கடையா?"

"பத்துப் பேர் கடலுக்குப் போகிறோம். சோறில்லாமல் எப்படி?" என்று அக்கா டெனிஷில் கேட்டார். பியர்தே அதை ஆங்கிலத்தில் சொல்லப் போய், சிரிப்பில் பாதியில் விட்டு, மணலில் இருந்துவிட்டார்.

படகு ஏன் கேட்கவில்லை என்பதை அப்போதுதான் யானிஸ் விளக்கினார். முன்பாரம். மூக்குத் தாழ, பின்பக்கம் எழும்ப, சுக்கான் தண்ணீரைப் பிடிக்கவே இல்லை. யார் பின்னுக்கு இருந்திருந்தாலும் அது காற்றைப் பார்த்துத்தான் திரும்பியிருக்கும். "எவ்வளவு திறமான ஆள் இருந்தாலுமா?" என்று அக்கா கேட்டார். "யார் இருந்தாலும்" என்றார் யானிஸ்.

கவனித்தீர்களா, அத்தான்? நீங்கள் இருந்திருந்தாலும் வளைந்துதான் போயிருக்கும். அக்கா அதை ஆறுதலாக எடுத்தாரா, உங்கள் மேல் ஒரு வெற்றியாக எடுத்தாரா என்று தெரியவில்லை. முகம் மட்டும் வெளித்தது.

பாரத்தைக் குறைக்க ஒரே வழிதான் இருந்தது. அடுப்பு அவர்களுடையது, சமையல் அக்காவுடையது. கறுத்த பாணும் சீஸும் அளவாகக் கட்டி வந்த டெனிஷ்காரர்கள் டின்மீன் குழம்பில் மூக்கு ஒழுக ஒழுகச் சாப்பிட்டார்கள். சம்பலை ஜாம் என்று நினைத்துப் பியர்தே அள்ளியதை நான் தடுத்திருக்கலாம், தடுக்கவில்லை. யானிஸ் இரண்டாம் தரம் சோற்றுக் கோப்பையை நீட்டியபோது சொன்னார்: "காலையில் உங்கள் படகைத் தூக்கிப் பார்ப்பேன். இரண்டு பக்கமும் ஒரே மாதிரி எழும்பினால் கடல்வழியாக வருகிறீர்கள்."

"சோத்துக்கு விழுந்திட்டான்" என்றார் அக்கா எனக்குத் தமிழில். இல்லை, அத்தான். காலையில் அவர் உண்மையாகவே இரண்டு பக்கமும் தூக்கிப் பார்த்தார். மிஞ்சிய டின்களைப் பின்னறைக்கு மாற்றச் சொல்லி, திரும்பவும் தூக்கிப் பார்த்தார். அதன் பிறகுதான் தலையாட்டினார்.

முனையில் காற்று அடித்தது. படகு நேராகப் போனது. ஒரு தடவை பக்க அலையொன்றில் நான் தடுமாறினேன். பின்னாலிருந்து குரல் வந்தது: "நீ முன்னுக்குப் பார்!"

இப்போது ஒரு திருத்தம். கடலுக்குள் ஒரு பட்டினம் கிடக்கிறது என்று நீங்கள் ஊரெல்லாம் சொன்னீர்கள். பிழை. பழைய எபிடவுரோஸ் கரையில் எல்லாரும் பட்டினம் என்றுதான் சொல்கிறார்கள். ஆனால் அது ரோமர் காலத்து ஒரு வளவு, ஒரு பெரிய வீட்டின் களஞ்சியம் என்றார் யானிஸ். நிலம் தாழ்ந்து கடல் ஏறியிருக்கிறது. சுவர்களின் அடிக்கல் ஒழுங்கான கோடுகளாகத் தெரிந்தது. நடுவில் வட்ட வட்டமாக, ஓர் ஆள் குந்தியிருக்கக்கூடிய சாடிகளின் வாய்கள். எண்ணெயும் வைனும் வைத்ததாம். உள்ளே சின்ன மீன்கள் வந்து போய்க்கொண்டிருந்தன.

மாலையில் பக்கத்துக் குன்றிலிருந்த சின்னக் கல் அரங்குக்கு ஏறினோம். இருக்கைகளில் பெயர்கள் வெட்டியிருக்கின்றன, காசு கொடுத்தவர்களின் பெயர்கள். அக்கா ஒன்றைத் தடவிப் பார்த்தார். "எங்கட கோயில் டியூப் லைட்டிலை உபயம் எண்டு எழுதிறமாதிரி. வெளிச்சத்தை விட எழுத்துத்தான் கூட." அந்த இருக்கையிலேயே இருந்து கடைசி வடைகளையும் முடித்தோம்.

நீங்கள் கேட்டபடி முதல் பந்தியிலேயே செய்தியைச் சொல்லிவிட்டேன். ஒன்றை மட்டும் பிடித்து வைத்திருந்தேன்.

சாடிகளுக்கு மேலே வந்ததும் யானிஸ் எல்லாரையும் துடுப்பை நிறுத்தச் சொன்னார். உங்களைப் பற்றிப் பியர்தே அவரிடம் சொல்லியிருக்க வேண்டும். ஒரு நிமிடம் மௌனமாக இருப்போமா என்று அக்காவைக் கேட்டார். "வேண்டாம், அவர் ஒரு நிமிசம் பேசாமல் இருந்த ஆளில்லை" என்றார் அக்கா. எல்லாரும் சிரித்தார்கள். மற்றப் படகுகள் மெதுவாக விலகிப் போயின.

நாங்கள் மட்டும் மிதந்துகொண்டு நின்றோம். அடியில் சாடிகள், அவற்றின் மேல் எங்கள் படகின் நிழல். அப்போது பின்னாலிருந்து அக்காவின் குரல் கேட்டது. என்னோடு கதைக்கும் குரல் அல்ல. உங்கள் வீட்டுக் குசினியிலிருந்து விறாந்தைக்கு வரும் குரல்.

"இஞ்சாருங்கோ. வந்திட்டன். பட்டினம் இல்லையாம். ஆரோ ஒரு மனிசி சாமான் அடைஞ்சு வைச்ச அறை."

அதற்குப் பிறகும் நிறையக் கதைத்தார். இடையில் சிரித்தார், மூக்கை உறிஞ்சினார், திரும்பவும் சிரித்தார். மற்றவர்கள் சொன்னதை எழுதியே வாழ்ந்தவன் நான். அதில் ஒரு சொல்லையும் எழுதிக்கொள்ளவில்லை. அது உங்களுக்குச் சொன்னது. கேட்டிருப்பீர்களா?

நான் திரும்பிப் பார்க்கவில்லை, அத்தான். படகு ஆடவும் இல்லை.

வைலேயில் இப்போது இலைகள் நிறம் மாறிவிட்டன. மஞ்சள் படகைக் கழுவி, துடைத்து, சங்கக் கொட்டிலில் கவிழ்த்து வைத்துவிட்டோம். பனி விட்டதும் இறக்குவோம். பாலத்துக்குக் கீழே போகும்போது உங்கள் கூச்சலை அக்கா போடுவார். ஒத்திகை நடக்கிறது, அயலவர்கள் பாவம். படகின் முன்னறையை ஒவ்வொரு தடவையும் நான் திறந்து பார்ப்பேன். பின்னிருக்கை அக்காவுடையது. நான் முன்னுக்குத்தான் பார்ப்பேன். இது உங்களுக்கு என் வாக்கு.

உங்கள் முன்னிருக்கை மச்சான்,
குலம்
வைலே