வெட்டுக்கு ஒரு விரல் முன்னால்

11-2-1968, ஞாயிறு

காலையிலிருந்து அப்பாவிடம் கோடு பார்க்க ஆட்கள் வந்துகொண்டே இருந்தார்கள். கிணறு தோண்ட ஒருவர், மனை வாங்க ஒருவர். டீ போட்டே எனக்குக் கை ஓய்ந்தது. அப்பா எல்லோரிடமும் ஒரே பாட்டுதான் பாடுகிறார். பூமிக்கு அடியில் கோட்டுவலை இருக்கிறதாம். மூன்று மூன்று கோடாகச் சேர்ந்து அதுதான் உலகத்தைத் தாங்குகிறதாம். காய்ந்த ஏரியின் வெடிப்பு, குதிகால் வெடிப்பு, சூளையிலிருந்து இறக்கிய பீங்கானின் கிளேஸ் பூச்சில் ஓடும் மயிரிழைக் கோடு, எல்லாம் அந்த வலையின் நிழலாம். நான்கு கோடு சேர்ந்த இடத்தில் எதுவும் நிலைக்காதாம்.

இல்லை என்று நானும் சொல்ல முடியாது. அப்பாவும் நானும் வேலை பார்க்கும் பீங்கான் சூளைக்குப் பின்னால் வேப்பமரத்தடியில் அப்படி ஓர் இடம் இருக்கிறது. அங்கே நிழல் விழாது. புதிதாக வேலைக்கு வருகிறவர்கள் அங்கே சைக்கிளை நிறுத்திவிட்டு, சீட்டு சுட்டதும் எங்களைத் திட்டுவார்கள்.

மாலையில் ஸ்ரீமுஷ்ணத்திலிருந்து பூவராகவனும் அவர் அம்மாவும் வந்தார்கள். பூவராகவன் பெண்ணாடம் ஆலையில் கரும்பு எடை போடுகிறவர். போன மாதம் பெண் பார்க்க வந்தபோது, "காப்பிக்குச் சர்க்கரை போட மறந்துட்டீங்க"ன்னு என்னிடமே மெதுவாகச் சொன்னவர். எனக்கு அப்போதே பிடித்துவிட்டது. இன்று தட்டுப் பொருத்தத்துக்கு மண் பிசைந்தாயிற்று.

ஒரே தட்டு. ஈரத்திலேயே அதில் இருவரும் கை பதிக்க வேண்டும். இரண்டாக அறுத்துப் பக்கத்தில் பக்கத்தில் வைத்துச் சுடுவார்கள். இறக்கியதும் சேர்த்து வைத்தால் அவர் பாதியில் ஓடும் கோடும் என் பாதியில் ஓடும் கோடும் வெட்டில் வந்து சந்திக்க வேண்டும். மண்ணில் அவர் கை என் கையைவிட எவ்வளவு பெரிதாக இருந்தது!

25-2-1968

சேரவில்லை.

26-2-1968

இரண்டு கோடும் வெட்டுக்கு ஒரு விரல் முன்னால் நின்றுவிட்டன. அப்பா வெளிச்சத்தில் திருப்பித் திருப்பிப் பார்த்தார். பிறகு, "சேரலம்மா"ன்னு பூவராகவனின் அம்மாவிடம் சொன்னார், மழை வராது என்பதுபோல. பெத்த பொண்ணுன்னு ஒரு வார்த்தை கூடவா வராது?

பூவராகவன் ஏதோ சொல்ல வாயெடுத்தார். அவர் அம்மா கையைப் பிடித்து இழுத்துப் போய்விட்டார்.

வழக்கப்படி சேராத பாதியை அவரவர் வீட்டில் மஞ்சள் துணியில் சுற்றிப் பெட்டியில் போட வேண்டும். அதை யாரும் எடுத்துப் பார்க்கக் கூடாது. அம்மா போனதிலிருந்து என்னை வளர்த்த சொர்ணாம்பாள் அத்தைதான் சுற்றிக் கொடுத்தாள். நான் அழுதேன். அவள் என்னைத் தேற்றக்கூட இல்லை.

10-6-1968

வேலைக்குப் போனேன். வந்தேன்.

12-1-1969

இன்று பஸ் ஸ்டாண்டில் பூவராகவன்! எனக்காகவே காத்திருந்தாராம். அவர் அம்மா வேறு பெண் பார்க்கிறாராம், இவர் தட்டிக்கழித்துக்கொண்டிருக்கிறாராம். கையில் துண்டில் சுற்றிய ஒரு பொட்டலம். பிரித்தால் அவர் பாதி.

"எங்க அம்மா இதைப் பொட்டியில வெக்கவே இல்ல. நல்ல தட்டை எதுக்குப் பூட்டி வெக்கணும்னு தண்ணிப் பானைக்கு மூடியாப் போட்டுட்டாங்க. இப்பப் பாரு வாசுகி."

பார்த்தேன். கோடு வெட்டுவரை வந்து நின்றது.

வீட்டுக்கு ஓடிவந்து பெட்டியைத் திறந்தேன். என் பாதி போட்டபடியே இருந்தது. ஒரு விரல் இடைவெளி அப்படியே.

தண்ணீர்தான். வேறென்ன? நனைய நனையக் கோடு நகர்கிறது. சேராததை எல்லாம் சுற்றிச் சுற்றிப் பெட்டியில் போட்ட ஊரில் இது யாருக்குத் தெரியும்?

13-1-1969

என் பாதியைத் தண்ணீர்ப் பானையின் மேல் போட்டுவிட்டேன். அப்பா பார்த்தார். முகம் கறுத்துவிட்டது. எடுக்கச் சொன்னார். எடுக்க மாட்டேன் என்றேன். அத்தை அரிசி களைந்துகொண்டிருந்தாள்.

20-4-1969

அரை நெல் அளவு நகர்ந்திருக்கிறது. அல்லது எனக்குத்தான் அப்படித் தெரிகிறதோ? அப்பா என்னோடு பேசுவதில்லை. பெண்ணாடத்திலிருந்தும் தகவல் இல்லை. அவர் அம்மா வென்றுவிட்டாரோ என்று பயமாக இருக்கிறது.

2-9-1969

காலையில் அப்பா தண்ணீர் மொள்ள மூடியை எடுத்தார். டிங் என்று ஒரு சத்தம். சூடு ஆறும் பீங்கானில் கோடு விழும்போது கேட்குமே, அதே சத்தம். ஆயுசு முழுக்க அதைக் கேட்டவர் அப்பா. தட்டை ஜன்னலில் பிடித்துப் பார்த்தார். இன்று வேலைக்கே போகவில்லை.

மாலையில்தான் வாய் திறந்தார். "அந்தப் பையன் இன்னும் பெண்ணாடத்துலதான் இருக்கானா?"

7-9-1969

பூவராகவன் வந்தார். இரண்டு பாதியையும் அப்பாவே சேர்த்து வைத்தார். கோடுகள் வெட்டில் சந்தித்தன. "சேருது" என்றார். எனக்குச் சந்தோஷம் தாங்கவில்லை.

அப்போது அத்தை உள்ளேயிருந்து ஒரு மஞ்சள் துணி மூட்டையைக் கொண்டுவந்து அப்பா முன்னால் பிரித்தாள். அதிலும் ஓர் அரைத்தட்டு. நேற்று இறக்கியதுபோல வெள்ளையாக இருந்தது. அத்தைக்குக் கல்யாணத்தில் விருப்பமில்லை என்றுதான் இத்தனை நாளும் எனக்குச் சொல்லியிருந்தார்கள். கருவேப்பிலங்குறிச்சி பழமலை என்பவருக்குப் பேசி, கோடு சேரவில்லை என்று அப்பாவே நிறுத்தியிருக்கிறார்.

"இதையும் தண்ணியில வெச்சிப் பாக்கலாம்ணே."

"சொர்ணம், அவரு பேரன் எடுத்துட்டாரு."

"தட்டுக்கு அது தெரியாதில்ல" என்று சொல்லிவிட்டு அத்தை அதைப் பானையின் மேல் வைத்தாள்.

7-2-1970

நாளைக்குக் கல்யாணம்.

அப்பா கருவேப்பிலங்குறிச்சிக்குப் போய், பழமலை வீட்டில் தானே பத்திரிகை வைத்துவிட்டு வந்தார். திரும்பியபோது கையில் ஓர் அரைத்தட்டு. அவர்கள் வீட்டுக் கொல்லையில் கோழிக்குத் தண்ணீர் வைக்கும் சட்டிக்கு அடியில் போட்டிருந்தார்களாம். பாசி பிடித்திருந்தது. அத்தை அதைச் சாம்பல் போட்டுத் தேய்த்துக் கழுவினாள். கோடு வெட்டுவரை வந்திருந்தது. எத்தனை வருஷத்துக்கு முன்பே வந்ததோ!

அத்தை பானையின் மேலிருந்து தன் பாதியை எடுத்து அதனோடு சேர்த்து வைத்தாள். சேர்ந்தது. அதன்மேல் விரலை வைத்து ஒருமுறை தடவினாள்.

"அவசரப்பட்டுட்டேன் சொர்ணம்" என்றார் அப்பா.

"நாளைக்குப் பந்திக்கு எலை பத்தாது. போயி வாங்கிட்டு வாண்ணே."

அப்பா பையை எடுத்துக்கொண்டு கிளம்பினார். பொருத்தம் பார்க்க ஒரு வீட்டார் தட்டோடு வாசலில் நின்றார்கள். இனிமேல் பார்ப்பதில்லை என்று அவர்களிடம் சொல்லிவிட்டு இலை வாங்கப் போனார்.