பாறை வைத்திருந்த குரல்

ஆகஸ்ட் 29, 1979
இன்று வகுப்பில் பிள்ளைகள் சிரித்துவிட்டார்கள். அவர்கள் சொன்னது ஒன்று, நான் பலகையில் எழுதியது ஒன்று. தலைமையாசிரியை தனியாக அழைத்து, உதடு தெளிவாக அசையும்படி நிதானமாகச் சொன்னார்: இந்தத் தவணை முடிந்ததும் ஓய்வெடுத்துக்கொள்ளுங்கள். அன்பாகத்தான் சொன்னார். அதுதான் பொறுக்கவில்லை.

மகள் ரெஜி பிறந்த பிறகு காது அடைக்கத் தொடங்கியது. முதலில் கடிகாரம் போயிற்று, பிறகு மழை, பிறகு மனிதர்கள். அவள் பேசத் தொடங்கியபோது எனக்கு எதுவும் மிச்சமில்லை. மூன்று வயதாகிறது. என் கன்னத்தைப் பிடித்துத் தன் பக்கம் திருப்பிவிட்டுத்தான் பேசுவாள். அவள் குரல் எப்படி இருக்கும்?

செப்டம்பர் 1
பட்டர்வொர்த் ரயில்வே ஆபீசிலிருந்து வந்ததும் வராததுமாக என் வீட்டுக்காரர் லாரன்சுக்கு மறுபடியும் டாக்டர் பேச்சு. வேண்டாம் என்றேன். "நரம்பு செத்துப்போச்சு" என்று கிளினிக் டாக்டர் சொல்லியாயிற்று. இன்னொருவர் வாயிலும் அதையே பார்க்கவேண்டுமா?

செப்டம்பர் 2
பக்கத்து வீட்டு ஷரீஃபா எங்களைத் தன் மாமியார் வீட்டுக்கு, பாலிக் பூலாவுக்கு அழைத்துப் போனாள். டுரியான் தோட்டத்துக்குப் பின்னால், மலைச்சரிவில், வீட்டு உயரத்துக்கு ஒரு கரும்பாறை. மலாயில் பத்து சுவாரா என்கிறார்கள் – குரல் பாறை. மழையில் பக்கத்தில் நின்று பேசினால் வாங்கி வைத்துக்கொள்ளுமாம். வெயிலில் சூடேறினால் திருப்பிச் சொல்லுமாம். எனக்கு எதற்கு அது?

பார்த்துக்கொண்டிருக்கும்போதே மழை. ரெஜி பாறையடியில் ஒதுங்கி ஓர் ஆட்டுக்குட்டியோடு ஏதோ பேசினாள். முதுகுதான் தெரிந்தது. பக்கத்தில் நின்ற லாரன்ஸ் கேட்டுச் சிரித்தார். நான் குடையோடு நின்றேன்.

செப்டம்பர் 5
காலை முழுவதும் மழை. ஜன்னலைப் பார்த்துத் தெரிந்துகொண்டேன்.

செப்டம்பர் 9
நல்ல வெயில். பூசை முடிந்து மறுபடி பாலிக் பூலா. எல்லோரும் பாறையைச் சுற்றி உட்கார்ந்து கேட்டார்கள். ஒரு சேவல் கூவியது, யாரோ ரம்புத்தான் பழம் விற்றது, ஷரீஃபாவின் மாமனார் எப்போதோ மழையில் மாட்டைத் திட்டியது – எல்லாம் வருகிறதாம். மாமியார் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். என்ன வேடிக்கை என்று தெரியாமலே நானும் சிரித்தேன். பிறகு முடியவில்லை. எழுந்து மறுபக்கம் போய், கல்லில் நெற்றியைச் சாய்த்து நின்றேன். அழுகையை அடக்கப் பல்லைக் கடித்துக்கொண்டு –

கேட்டது.

காதில் இல்லை, மண்டைக்குள். இலையில் விழுகிற மழை. அதற்குமேல் ஒரு குரல், கரகரவென்று, மார்க்கெட்டில் மீன் விற்கிற பொம்பளை மாதிரி: "ஏய் குட்டி, எங்க ஓடுற? உக்காரு லா. எங்கம்மா கொடை வச்சிருக்காங்க, ஒனக்கும் குடுப்பாங்க."

இதுவா என் பிள்ளை? இத்தனை நாளாக மனதுக்குள் ஒரு மெல்லிய குரலையல்லவா அவளுக்குக் கொடுத்து வைத்திருந்தேன்! எம்மாம் கட்டைக் கொரல். எங்கப்பா கொரல்தான் அது. என் தங்கமே.

நெற்றியை எடுத்தால் ஒன்றுமில்லை. வைத்தால் மழை, அவள்.

நான் மயங்கி விழப்போகிறேன் என்று லாரன்ஸ் ஓடிவந்தார். ரெஜி ஆட்டுக்குட்டியிடம் சொன்னதை அப்படியே சொன்னேன். அவர் அதை என்னிடம் சொன்னதே இல்லை. என் தோளைப் பிடித்துத் தன் பக்கம் திருப்பினார். பிறகு உதடு மெதுவாக அசைந்தது. "ஜூலி, அப்ப நரம்பு சாகல."

செப்டம்பர் 13
காது டாக்டர் ராமதாசிடம் போனோம். பாறைக் கதையைச் சொல்ல எனக்கு வெட்கம், லாரன்ஸ் சொல்லிவிட்டார். டாக்டர் சிரிக்கவில்லை. ஓர் இரும்புக் கவையைத் தட்டி என் காதுக்கு நேரே பிடித்தார். ஒன்றுமில்லை. காதுக்குப் பின்னால் எலும்பில் வைத்தார். கோயில் மணி மாதிரி!

நரம்பு நன்றாகத்தான் இருக்கிறதாம், காதுக்குள்ளே அரிசியைவிடச் சின்ன எலும்பு ஒன்று இறுகிவிட்டதால் சத்தம் உள்ளே போகவில்லையாம். பிள்ளைப்பேற்றுக்குப் பிறகு சில பெண்களுக்கு முற்றிவிடுமாம். ஆபரேஷன் செய்யலாம். தவறினால் அந்தக் காது அடியோடு போகும்.

செப்டம்பர் 16
நாத்தனார் சவுந்தரம் வந்திருந்தார். வேண்டாம் என்கிறார். "கல்லுல சாஞ்சாவது கேக்குதில்ல, அது போதும்மா." அவர் சொல்வதிலும் நியாயம் உண்டு. லாரன்ஸ் உன் இஷ்டம் என்கிறார்.

யோசித்தேன். ஞாயிறுதோறும் போய் நெற்றியை வைத்தால் பாறை எனக்கு ரெஜியைக் கொடுக்கும் – போன வாரத்து ரெஜியை. எனக்கு இன்றைய ரெஜி வேண்டும்.

சரி என்று சொல்லப் போகிறேன்.

அக்டோபர் 4
நாளைக்கு. ஒரு காது மட்டும் முதலில். பயமாருக்கு. மாதாவே.

அக்டோபர் 13
கட்டைப் பிரித்தார்கள். நர்ஸ் கத்தரிக்கோலைத் தட்டில் போட்டாள். திடுக்கிட்டேன். டாக்டர் அதைப் பார்த்துப் புன்னகைத்தார். வேறெதுவும் எழுத வரவில்லை.

ஜனவரி 7, 1980
வகுப்புக்குத் திரும்பிய முதல் நாள். இவ்வளவு இரைச்சலிலா முன்பெல்லாம் பாடம் நடத்தினேன்! பெஞ்சை இழுக்கிறார்கள், மூக்கை உறிஞ்சுகிறார்கள், கடைசி வரிசையில் ஒருவன் ஓயாமல் பென்சிலைத் தட்டுகிறான். தலைமையாசிரியை வாசலில் நின்று பார்த்துவிட்டுப் போனார்.

வீட்டுக்கு வந்து, தலைவலியோடு நோட்டுத் திருத்த உட்கார்ந்தேன். ரெஜி பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள். ஐஸ்கிரீம்காரன் வந்தது, வராமல் போனது, பூனை எதையோ தின்றது, தனக்கு ஒரு சைக்கிள் வேண்டும், அது சிவப்பாக இருக்கவேண்டும், ஏன் சிவப்பு – நோட்டிலிருந்து தலையைத் திருப்பாமலே எல்லாம் கேட்டுக்கொண்டிருந்தேன். அவள் நிறுத்தவே இல்லை.

"கொஞ்ச நேரம் வாய மூடு லா, ரெஜி" என்றேன்.

லாரன்ஸ் பேப்பரைக் கீழே இறக்கி என்னைப் பார்த்தார். நான் அவரைப் பார்த்தேன். இருவருக்கும் சிரிப்பு தாங்கவில்லை.

அவள் மூடவில்லை.