வான்கொடி பூப்பது பற்றி

1942 ஏப்ரல் 15, புதன்
காலையிலேயே வெக்கை. ஏரிப்பக்கமிருந்து காற்றே இல்லை. அயனம்பாக்கம் வந்து ஒரு வாரம். பட்டணத்தில் குண்டு விழும் என்று கல்லூரியை மூடிவிட்டார்கள். தாவரவியல் படிக்கப் பெண்களும் இல்லை, சொல்லித்தர நானும் இல்லை. தங்கை எஸ்தரைப் பார்த்துக்கொள்ளத் தோதான சமயம் என்று எல்லோரும் சொல்கிறார்கள். தோதான சமயம்!

வாங்க: மண்ணெண்ணெய் (கிடைத்தால்), ஜன்னலுக்குக் கறுப்புக் காகிதம், பார்லி, இன்னொரு தலையணை. படுத்தால் எ.வுக்கு மூச்சு முட்டுகிறது. சாய்ந்து உட்கார்ந்தபடியே தூக்கம். வீக்கம் முழங்கால் வரை.

மாலையில் திடீரென்று: "அக்கா, நம்ம கொடி எப்படி இருக்கு?"

அந்தப் பேச்சை எடுத்து முப்பது வருஷமாவது இருக்கும். எந்தக் கொடி என்று நான் கேட்கவில்லை. உடனே புரிந்துவிட்டது. அதுதான் சற்று வெட்கம்.

ஏப்ரல் 16, வியாழன்
நினைவில் இருக்கிற அளவுக்கு எழுதுகிறேன். பூவிருந்தவல்லி வீட்டு மொட்டை மாடியில் படுத்துக்கொண்டு சிறுமிகளாக நாங்கள் கற்பனையில் கட்டியது. சந்திரனைப் போல வானத்தில் உதித்து மறையும் ஒரு கொடி. வேர் கிடையாது. பச்சை வெளிச்சம்.

அதன் கீழே மூன்று ஜனங்கள். ஏரி ஜனம்: அண்ணாந்து பார்ப்பது மரியாதைக்குறைவு, தண்ணீரில் தெரிவதை மட்டும் பார்ப்பார்கள். மேட்டு ஜனம்: குழந்தை பிறந்ததும் அதற்கென்று ஓர் இலை குறிப்பார்கள், பெயரெல்லாம் பிறகு. மூன்றாவது என் கைங்கரியம், நம்பாதவர்கள். கொடியும் இல்லை ஒன்றும் இல்லை, கண்ணில் விழுந்த கறை என்பார்கள். ஆனாலும் கொடி உதிக்கும் கிழக்குப் பக்கம் மட்டும் கூரை போட மாட்டார்கள்.

சட்டம் ஒன்றே ஒன்று. நாங்கள் இருவரும் 'சரி' என்றால்தான் அங்கே எதுவும் நடக்கும். ஒருத்தி மட்டும் சொன்னால் நடக்காது.

ஏப்ரல் 18, சனி
ஆவடிப் பக்கம் நாள் முழுக்க ராணுவ லாரிகள். உலர்த்திய துணியெல்லாம் புழுதி.

டாக்டர் வந்தார். போகும்போது என்னைத் தனியாக வேலிவரை அழைத்துப்போனார். இருதயம் களைத்துவிட்டது, நாள் கணக்குத்தான் என்றார். புதன் வருகிறேன் என்றபோது என் முகத்தைப் பார்க்கவில்லை. ஜட்காவுக்குச் சில்லறை தேடி உள்ளே ஓடினேன். எதற்கு ஓட வேண்டும்.

எ. எதையும் விசாரிக்கவில்லை. "கொடி பூக்கட்டும் அக்கா" என்றாள்.

முடியாது என்றேன். அது எப்போதோ பேசித் தீர்த்தது. நான் பி.ஏ. படிக்கும்போது அவளுக்கு விளக்கியிருக்கிறேன், சில செடிகள் மூங்கிலைப் போல ஆயுளுக்கு ஒரே தடவை பூக்கும், பூத்தால் பட்டுப்போகும். கொடி அந்த இனம். அவளும் அன்றைக்குச் சரி என்றவள்தான்.

"பட்டுப்போகும்னு தெரிஞ்சுதான் கேக்கறேன். போறதுக்கு முன்னாடி ஒரு தடவை பூக்கட்டுமே. நான் சரின்னு சொல்லியாச்சு. நீ சொல்லு."

தலையணையைத் தட்டிச் சரிசெய்தேன்.

ஏப்ரல் 19, ஞாயிறு
பாதிரி ஐயர் கோயில் ஆராதனை முடிந்து வந்து, வேதத்திலிருந்து சங்கீதம் வாசித்து ஜெபித்தார். எ. கண்ணை மூடியிருந்தாள். நான் மூடவில்லை, அவள் கழுத்து நரம்பு துடிப்பதைப் பார்த்துக்கொண்டிருந்தேன். அவர் படியிறங்கியதும் கண்ணைத் திறந்து, "சொல்லிட்டியா?"

இல்லை என்றேன். பிடிவாதக்காரி என்றாள். நீ மட்டும் என்ன என்றேன். முனியம்மா அடுத்த நிலத்துக்காரர் வீட்டுப் பெண், ஒத்தாசைக்கு வருபவள். கஞ்சியோடு வந்து நின்று கேட்டுக்கொண்டிருந்தாள்.

"இன்னா டீச்சரம்மா, பந்தல்ல கீற பீர்க்கங்கொடி காஞ்சுகினு கீது, மேல இல்லாத கொடிக்கு ரெண்டு பேரும் பஞ்சாயத்து பண்ணிகினு கீறீங்க."

எ. சிரித்தாள். அப்புறம் வெகுநேரம் இருமல்.

பீர்க்கங்கொடிக்கு இரண்டு குடம் ஊற்றினேன்.

ஏப்ரல் 21, செவ்வாய்
வயிறும் வீங்கிவிட்டது. பார்லித் தண்ணீர் இரண்டு மடக்குத்தான்.

பூத்தால் யார் யார் என்ன செய்வார்கள் என்று யோசித்து வைத்திருக்கிறாள். விட்டுவிட்டுச் சொன்னாள். ஏரி ஜனம் அன்றைக்கு ஒரு நாள் அண்ணாந்து பார்க்கும், கழுத்து வலிக்கும். மேட்டு ஜனம் அன்று பிறந்த பிள்ளைகளுக்கு இலை குறிக்காது. எல்லாப் பிள்ளைக்கும் சேர்த்து அந்த ஒரே பூ.

"உன் ஜனங்க என்ன செய்வாங்க?"

கறை கொஞ்சம் பெரிதாகிவிட்டது என்பார்கள், என்றேன்.

"பாத்தியா. பெருசாயிடுச்சுன்னு ஒத்துக்கிட்டாங்க."

'சரி' நாக்கு நுனிவரை வந்தது. பூத்த மறுநாள் வானத்தில் என்ன இருக்கும் என்று ஓடியது மனம். சொல்லவில்லை.

ஏப்ரல் 22, புதன்
டாக்டர் வரவில்லை. அனல். ஏரி ஓரம் சேறு வெடித்துவிட்டது.

மத்தியானம் என் கையைப் பிடித்துக்கொண்டு, வாய் திறக்காமல் புருவத்தாலேயே கேட்டாள். நாளைக்குச் சொல்கிறேன் என்றேன். சரி என்று தலையாட்டினாள்.

ஏப்ரல் 23, வியாழன்
விடிகாலை. அடுப்படியில் பார்லி வடிகட்டிக்கொண்டிருந்தேன். முனியம்மா வந்து வாசலில் நின்றாள். பார்லியை முழுக்க வடிகட்டிவிட்டுத்தான் போனேன்.

ஏப்ரல் 24, வெள்ளி
பூவிருந்தவல்லிக் கல்லறைத் தோட்டம். எ.வை அவள் கணவர் பக்கத்திலேயே வைத்தோம். வண்டி மாடுகளுக்கு நுரை தள்ளிற்று. முனியம்மா வாய்விட்டு அழுதாள். என்னைப் பார்த்து, படித்தவர்கள் தாங்கிக்கொள்வார்கள் என்று யாரோ சொன்னது காதில் விழுந்தது.

ஏப்ரல் 25, சனி
துவைக்க: இரண்டு போர்வை, தலையணை உறைகள். டாக்டருக்குச் சொல்லி அனுப்ப வேண்டும். மிச்ச பார்லி முனியம்மாவுக்கு.

போர்வையைப் பிழிந்துகொண்டே அவள் கேட்டாள்:

"அந்தக் கொடி இன்னா ஆச்சு டீச்சரம்மா? நீங்க அசந்து தூங்கசொல்ல எங்கிட்ட கேக்கும் அந்தம்மா, 'அக்கா எதனா சொன்னாளா'ன்னு. எனுக்கு இன்னா தெரியும்? இன்னும் இல்லம்மான்னேன்."

பந்தலடியில் போய் நின்றேன். எ. போன சனிக்கிழமையே சரி சொல்லிவிட்டாள். கடைசிவரை அதைத் திரும்ப வாங்கிக்கொள்ளவில்லை. பாக்கி என்னுடையது மட்டும். வாய்விட்டுத்தான் சொல்ல வேண்டும், மனதுக்குள் சொன்னால் செல்லாது என்பது அந்த நாள் வழக்கம்.

சரி என்றேன். முனியம்மா திரும்பிப் பார்த்தாள்.

பூத்தது. என்ன நிறம் என்று நாங்கள் பேசி முடிக்கவில்லை.