இடது பக்கம் வரிசையாக

செப்டம்பர் 9, செவ்வாய்

காலையிலிருந்து மழை. பெட்டிக்குள் போக வேண்டிய துணியில் பாதி இன்னும் மூங்கில் கழியில் ஈரமாக.

எடுத்து வைக்க:
பிரஷர் மாத்திரை, பத்து நாளுக்கு
தொப்பி
பவர் பேங்க் (இவர் சார்ஜ் போடுவதாகச் சொன்னார், போடவில்லை)
நடக்க நல்ல செருப்பு
முறுக்கு, சம்பால் (மிளகாய் விழுது): மல்லிகா பொறுப்பு

மல்லிகா இவருடைய தங்கை. பூன் லேயில் வீடு. முப்பது வருடம் நர்ஸாக இருந்து போன வருடம் ஓய்வு. ஓய்வு அவளுக்குத்தான், மற்றவர்களுக்கு இல்லை. துருக்கிக்குப் போகலாம் என்று கிளப்பிவிட்டதும் அவள்தான். "ஏழு மாசமா கவுண்டர்ல உக்காந்துகிட்டு இருக்கீங்க அண்ணி. ஒரு தடவையாவது வேற ஒரு கைடு பின்னாடி நடந்து பாருங்க லா."

மத்தியானம் டூர் ஆபீஸிலிருந்து மேலாளர் நிர்மலா, போனில். 28ஆம் தேதி ஞாயிறு, பதினான்கு பேர், லிட்டில் இந்தியா நடை. "நீங்க எடுக்குறீங்களாக்கா? 19ஆம் தேதிக்குள்ள சொல்லிடுங்க. இல்லன்னா உங்கள கவுண்டர்லயே பர்மனன்ட்டா போட்டுருவேன். புதுசா ஒருத்தர எடுக்கணும், ரெண்டு பக்கமும் வச்சுக்கிட்டு என்னால முடியல." கோபமாகச் சொல்லவில்லை. அதுதான் கஷ்டம்.

பத்தொன்பது வருடம் சிங்கப்பூரைச் சுற்றிக் காட்டிப் பிழைத்தவள் நான். பிப்ரவரியில் சிராங்கூன் சாலைக் கோயில் வாசலில், இருபத்திரண்டு பேர் முன்னால், வாயைத் திறந்தேன். ஒரு வார்த்தை வரவில்லை. மறதி இல்லை, எல்லாம் தெரியும். வாய்க்கு வரவில்லை. நான்கு நிமிடம். கைக்கடிகாரம் பார்த்த ஒரு மனிதர் பிறகு ஆபீஸுக்குத் தகவல் சொன்னார், நல்லா இருக்கட்டும். டாக்டர் தலை முதல் கால் வரை பார்த்துவிட்டு ஒன்றுமில்லை என்றார். அன்று முதல் ஆபீஸ் கவுண்டர்.

பயமாக இருக்கிறது. எழுதியாயிற்று.

மழை நின்றது. துணியைத் திருப்பிப் போட வேண்டும்.

செப்டம்பர் 11, வியாழன்

துருக்கி, குசாதாசி. வெயில், கடல் காற்று. இஸ்தான்புல் போய், விமானம் மாறி, பிறகு வேன். கால் வீங்கிப் போயிருக்கிறது.

சம்பாலைச் சுங்கத்தில் யாரும் கேட்கவில்லை. மல்லிகாவுக்கு ஏமாற்றம். என்ன பதில் சொல்வது என்று ஒத்திகை பார்த்து வைத்திருந்தாள்.

நாளை டூர். ஒரே நாளில் மூன்று பழைய ஊர்: பிரியேனே, மிலேத்தஸ், டிடிமா. எட்டே பேர். மல்லிகாவிடம் சத்தியம் வாங்கியிருக்கிறேன், நான் கைடு என்று வாயைத் திறக்கக் கூடாது. கூட்டத்தில் இன்னொரு கைடு இருந்தால் எனக்கே பிடிக்காது. தப்பு கண்டுபிடிக்கவே வந்த மாதிரி இருக்கும்.

"அப்ப என்ன வேலைன்னு சொல்றதுங்க அண்ணி?"
"கவுண்டர்ல இருக்கேன்னு சொல்லு. அது உண்மைதானே."

அதைச் சொல்லும்போது அவளும் சிரிக்கவில்லை, நானும் சிரிக்கவில்லை.

இவருக்குப் போன் செய்தேன். மூன்று வேளையும் மேகியாம்.

செப்டம்பர் 12, வெள்ளி

நீளமாக எழுத வேண்டிய நாள். ஹோட்டல் பேனா சரியாக எழுதவில்லை, இருந்தாலும்.

காலை எட்டு மணி. மேகம் இல்லை. வேனில்: நாங்கள் இருவர். டச்சுக்காரர்கள், கணவன் மனைவி, மனைவி பெயர் மரிக்கா, எல்லாவற்றுக்கும் ஏன் என்று கேட்பவர். கொரியாவிலிருந்து மூன்று தோழிகள், எங்கள் வயதுதான். கென் என்று ஒரு ஆஸ்திரேலியப் பெரியவர், கைத்தடியோடு. கைடு பெயர் எம்ரே, நாற்பது இருக்கும்.

பிரியேனே: மலைச்சரிவு, பைன் மரங்கள், செங்குத்தான பாறைக்குக் கீழே ஐந்து தூண்கள். ஏறும்போது நான் மூச்சு வாங்கினேன், மல்லிகா வாங்கவில்லை. சின்ன அரங்கம் ஒன்று. முன்வரிசையில் பெரிய மனிதர்களுக்கு மட்டும் கைவைத்த கல் நாற்காலி. மல்லிகா ஒவ்வொன்றிலும் உட்கார்ந்து பார்த்தாள். "நம்ம கம்யூனிட்டி சென்டர்லயும் இப்படித்தான், முன்னாடி சோபா, பின்னாடி பிளாஸ்டிக் நாற்காலி."

மிலேத்தஸ்: பிரம்மாண்டமான அரங்கம். ஒரு காலத்தில் துறைமுகமாம். ஆறு மண்ணைக் கொண்டு வந்து கொட்டிக் கொட்டிக் கடல் விலகிப் போய்விட்டது. இப்போது சுற்றிலும் பருத்தி வயல். சிங்கப்பூரில் நாம் கடலைத் தள்ளி நிலம் போடுகிறோம், இங்கே அது சும்மாவே நடந்திருக்கிறது என்று மல்லிகாவிடம் சொன்னேன். சொல்லிவிட்டு, இது கூட்டத்துக்குச் சொல்ல நல்ல வரி என்று தோன்றியது. வாயை மூடிக்கொண்டேன்.

எம்ரேக்கு மார்க் (பத்துக்கு):
குரல் 8
தான் வெயிலைப் பார்த்து நின்று, நம் முதுகு வெயிலுக்கு இருக்கும்படி நிறுத்துவது 9
கழிவறை அறிவிப்பு 10
மெதுவாக நடப்பவர் வேகத்துக்கு நடப்பது 9
ஜோக் 3
வழியில் தோல் ஜாக்கெட் கடை 0

வேனில் ஏறும்போதெல்லாம் மனசுக்குள் தலை எண்ணினேன். எட்டு. எட்டு. எட்டு. யாரும் கேட்கவில்லை.

மதியம் மீன். எலுமிச்சையும் உப்பும் மட்டும். மல்லிகா கைப்பையிலிருந்து சம்பாலை எடுத்து மேசை நடுவில் வைத்தாள். கொரியத் தோழிகள் பாதி பாட்டிலைக் காலி செய்துவிட்டார்கள். டச்சுக்காரர் ஒரு துளி தொட்டுவிட்டு வெளியே போய் நின்றார்.

பிறகு டிடிமா. கோயில்தான் முழு ஊரும். வாசல் படிக்கட்டின் கீழே நின்று பார்த்தால் கழுத்து வலிக்கிறது. நிற்பது மூன்றே தூண்கள், மற்றவை அடிக்கட்டை மட்டும். அடிக்கட்டையே என் உயரத்துக்கு. இங்கே குறி சொல்வார்களாம். தூர தேசத்திலிருந்தெல்லாம் கேள்வியோடு வந்து, தூண்களுக்கு நடுவில் பதிலுக்குக் காத்திருப்பார்களாம்.

மல்லிகா காதுக்குள்: "நீங்களும் கேளுங்க அண்ணி. 28ஆம் தேதி போலாமா வேணாமான்னு."
"சும்மா இரு."

கென் தொப்பியை வேனில் விட்டுவிட்டார். எம்ரே, "படியருகே நில்லுங்கள், இரண்டே நிமிடம்," என்று சொல்லிவிட்டுத் தொப்பி எடுக்க ஓடினார்.

இதற்குப் பிறகு நடந்ததை வரிசையாக எழுதப் பார்க்கிறேன்.

நான் முன்னால் நின்றிருந்தேன். எதிரே கோயில், படிகள். கால் தானாகச் செருப்பைக் கழற்றியது. திரும்பினேன். கை தானாக உயர்ந்தது. பத்தொன்பது வருடமாகச் சொன்ன அதே ஆங்கில வாக்கியம், அதே குரலில் வெளியே வந்தது: "செருப்பு, ஷூ எல்லாவற்றையும் இங்கேயே விட்டுவிடலாம். இடது பக்கம் வரிசையாக. கைப்பையைக் கையிலேயே வைத்துக்கொள்ளுங்கள். என் பின்னால் வாருங்கள்."

எல்லாரும் கழற்றினார்கள். கொரியத் தோழிகள் ஒரு நொடியில். டச்சுக்காரர் சாக்ஸையும் மடித்து உள்ளே வைத்தார். கென்னைக் கல்லில் உட்கார வைத்து மல்லிகா லேஸ் அவிழ்த்துவிட்டாள். அவளாவது தடுத்திருக்கலாம். கேட்டால், "நீங்க சொன்னீங்க, கழட்டினேன்," என்கிறாள்.

வெறுங்காலோடு ஏறினோம். பதின்மூன்று படி. கல் சுட்டது, ஆனால் தைப்பூசத்துக்கு டேங்க் ரோடு கோயில் வரை தார்ச் சாலையில் நடந்த கால். மேலே போய், கால் கழுவும் குழாய் எங்கே என்று தேடினேன். தேடிய பிறகுதான் உறைத்தது. இரண்டாயிரம் வருடத்துக்கு மேலான இடிபாடு. சாமி போய்ப் பல காலம். குழாயும் இல்லை, ஒன்றும் இல்லை.

ஏழு பேர் வெறுங்காலோடு என்னையே பார்க்கிறார்கள். பிப்ரவரி மாதிரியே.

மரிக்கா கேட்டார்: "ஏன் கழற்றச் சொன்னீர்கள்? இங்கே இன்னும் வழிபாடு உண்டா?"

இல்லை, பழக்க தோஷம், மன்னியுங்கள் என்று சொல்லத்தான் வாயெடுத்தேன். "எங்கள் ஊரில்..." என்று தொடங்கிவிட்டேன். தெரு அழுக்கை வெளியே விட்டுவிட்டு உள்ளே போவது. வாசற்படியை மிதிக்காமல் தாண்டுவது. தூரத்திலிருந்தே தெரியும்படி கோபுரம், உள்ளே போகப் போக வெளிச்சம் குறைந்து, கடைசியில் ஒரு சின்ன அறை, ஒரு விளக்கு. இங்கேயும் அப்படித்தானே, வெளியே இவ்வளவு பெரிய தூண்கள், உள்ளே போக எவ்வளவு குறுகலான வழி பாருங்கள் என்று கை காட்டினேன். கென் ஏதோ கேட்டார், பதில் சொன்னேன். கொரியத் தோழி ஒருவர் கேட்டார், அதற்கும். எல்லாரையும் நிழலுக்கு நகர்த்தி, நான் வெயிலைப் பார்த்து நின்றிருக்கிறேன். எப்போது நகர்த்தினேன் என்று தெரியாது.

பத்து நிமிடம் இருக்கும். பார்த்தால் எம்ரே பின்னால் நிற்கிறார், கையில் கென்னின் தொப்பி. எவ்வளவு நேரமாகவோ. அவர் காலும் வெறுங்கால்.

"எத்தனை வருடம் மேடம்?" என்றார்.
"எது?"
"இந்த வேலை."

மல்லிகா முந்திக்கொண்டாள். "நைன்டீன் இயர்ஸ் லா. பெஸ்ட் இன் சிங்கப்பூர்." சத்தியம் அவ்வளவுதான்.

எம்ரே சிரித்துவிட்டு, மீதியையும் நீங்களே நடத்துங்கள் என்றார். மாட்டேன் என்றேன், இது உங்கள் கோயில். அவர் முன்னால் போக, நாங்கள் சரிவான இருட்டுப் பாதை வழியாக இறங்கினோம். குளிர்ந்த கல், சுவரைத் தடவிக்கொண்டே. திடீரென்று வெளிச்சம். உள்முற்றம், கூரையே கிடையாது, மேலே முழு வானம். கட்டியே முடிக்கவில்லையாம், நூற்றாண்டு நூற்றாண்டாகக் கட்டியும். எம்ரே நன்றாகச் சொன்னார். குரலுக்கு 9 ஆக்கிவிட்டேன்.

திரும்பி வந்தால் வரிசையில் ஒரு ஷூ இல்லை. மல்லிகாவுடையது, இடது கால். ஜூரோங் ஈஸ்ட்டில் இரண்டு மணி நேரம் தேடி வாங்கியது. கொஞ்ச தூரத்தில் ஒரு பெரிய பழுப்பு நாய், ஷூவை முன்னங்காலுக்கு நடுவில் வைத்துக்கொண்டு.

மல்லிகா முறுக்குப் பொட்டலத்தோடு பேச்சுவார்த்தைக்குப் போனாள். நாய் முறுக்கைத் தின்றது. பிறகு ஷூவையும் தூக்கிக்கொண்டு போனது.

வேனில் எல்லாருக்கும் சிரித்துச் சிரித்து வயிறு வலி. மல்லிகா ஒற்றை ஷூவோடு. "முப்பது வருஷம் வார்டுல ஒரு பேஷன்ட் கூட என்கிட்டேருந்து தப்பிச்சதில்ல," என்று புலம்பிக்கொண்டே வந்தாள்.

இறங்கும்போது எம்ரே கை கொடுத்தார். தனக்கு எத்தனை மார்க் என்று கேட்டார். கைடுகள் எல்லாரும் மார்க் போடுகிறார்கள் போலிருக்கிறது. ஜோக்குக்குப் போட்ட 3ஐ மட்டும் சொல்லவில்லை.

சந்தோஷமாக இருக்கிறது. பேனா தீர்ந்தது, இது மல்லிகாவின் பேனா.

செப்டம்பர் 13, சனி

வெயில். இரண்டு முழங்காலும் விண் விண்.

மல்லிகாவுக்குச் செருப்பு. சந்தையில் நான்கு கடை. கடைசியில் ஊதா நிறத்தில் ஒன்று, பூ போட்டது. "இத போட்டுக்கிட்டு பூன் லேல எப்படி நடக்குறது அண்ணி?" நடப்பாள்.

நேற்று வந்த வார்த்தை 28ஆம் தேதியும் வருமா? நேற்று யோசிக்கவில்லை, அதனால் வந்தது. 28ஆம் தேதி யோசிக்காமல் இருக்க முடியாது. இதை மல்லிகாவிடம் கேட்டேன். "குறி சொல்ற எடத்துக்கே போயிட்டு வந்துட்டீங்க, இப்ப என்ன கேக்குறீங்க," என்றாள். பதில் வரவில்லையே என்றேன். "வந்துச்சு. வெயில்ல நின்னு பத்து நிமிஷம் பேசுச்சு."

செப்டம்பர் 19, வெள்ளி

சிங்கப்பூர். புழுக்கம். குளிர்பதனப் பெட்டியில் இவர் வைத்துவிட்டுப் போன ஏதோ ஒன்று, பெயர் சொல்ல முடியாத நிலையில்.

காலை: நிர்மலாவுக்குச் செய்தி தட்டினேன், அழித்தேன்.
பகல்: தட்டினேன், அழித்தேன். கவுண்டரும் நல்ல வேலைதான், ஏர்கான் உண்டு.
மாலை 5.40: "எடுத்துக்கொள்கிறேன்." அனுப்பிவிட்டுப் போனை அணைத்து, குளிர்பதனப் பெட்டி முழுவதையும் கழுவினேன்.

போனைத் திறந்தால் நிர்மலா, ஒரே எழுத்து: "K".

செப்டம்பர் 28, ஞாயிறு

விடியற்காலை மழை, எட்டு மணிக்கு விட்டது. தரை ஈரம், நல்லது, கூட்டத்துக்குச் சூடு தெரியாது. சாலை முழுக்கத் தீபாவளி அலங்காரம், பகலில் வெறும் கம்பியும் பல்பும்.

எம்ஆர்டி ரயில் நிலைய வாசலில் கூட்டம் சேர்ந்தது. பதினான்கு என்று பட்டியல். எண்ணினேன், பதினைந்து. மறுபடி எண்ணினேன், பதினைந்து. கடைசியில் கறுப்புக் கண்ணாடி, தொப்பி, ஊதா நிறப் பூச்செருப்பு. என்னைத் தெரியாத மாதிரி கோபுரம் இருக்கும் திசையைப் பார்த்துக்கொண்டு நின்றது.

பூக்கடை, சரி. மசாலாக் கடை, சரி. குரல் கொஞ்சம் நடுங்கியது, யாருக்கும் தெரிந்திருக்காது.

கோயில் வாசல். அதே இடம். திரும்பினேன். பதினைந்து முகம். வாயைத் திறந்தேன்.

வரவில்லை.

மணி அடித்தது உள்ளே. ஒரு பஸ் போனது. இன்னொரு பஸ். முன்வரிசை ஜெர்மன்காரர் கைக்கடிகாரத்தைப் பார்க்கப் போனார்.

பின்னாலிருந்து ஒரு கை உயர்ந்தது. நல்ல ஆங்கிலத்தில், அப்பாவியாக:

"எக்ஸ்கியூஸ் மீ, மேடம். செருப்பை இங்கே விட்டால் நாய் தூக்கிக்கொண்டு போய்விடுமா?"

யாரும் சிரிக்கவில்லை. ஜெர்மன்காரர் மட்டும் கவலையோடு தன் ஷூவைப் பார்த்தார். நான்தான் சிரித்தேன், நன்றாக, வாய்விட்டு.

"இங்கே நாய் இல்லை," என்றேன். "துருக்கியில்தான். இங்கே தைரியமாக விடலாம். இடது பக்கம் வரிசையாக."

பதினைந்து ஜோடி. என்னுடையதையும் சேர்த்துப் பதினாறு.