ஏரியில் கோடு போட்ட அக்காவுக்கு

அம்மா பறியைக் கழுவிக் கவிழ்த்துவிட்டாள். இறால் பிடிக்கும்போது பல்லில் கவ்விக்கொள்ளும் அந்த ஓலைப் பையிலிருந்து இன்னும் சாம்பல் வாசம் வருகிறது. போர்வைக்குள் டார்ச் வைத்துக்கொண்டு எழுதுகிறேன், அக்கா. விடிவதற்குள் இதைக் கிழித்துவிடுவேன்.

படம் எடுக்க நீங்கள் பழவேற்காட்டுக்கு வந்த புதிதில் டச்சுக்காரர்களின் கல்லறைகளுக்கு என்னைக் கூட்டிப்போனீர்கள். இலங்கையிலிருந்து கைக்குழந்தையாகப் படகில் வந்து, இங்கே அகதி முகாமில் வளர்ந்து, பிறகு அந்த டச்சுக்காரர்கள் நாட்டிலேயே குடியேறியவர் நீங்கள். "அங்க என்னை எந்த ஊர் எண்டு இண்டைக்கும் கேக்கினம், பிள்ளை. இவை இஞ்ச ஒருத்தரையும் கேக்காமப் படுத்திருக்கினம்" என்று சிரித்தீர்கள்.

உங்கள் படத்தில் நடிகர்கள் இல்லை. கண்ணாடிக்குக் கீழே விளக்கு, மேலே எங்கள் ஏரி மணல். விரலால் ஒரு பெண்ணை வரைந்து போட்டோ எடுப்பீர்கள். அழித்துக் கொஞ்சம் தள்ளி மறுபடி வரைவீர்கள். போட்டோக்களைச் சேர்த்து ஓட்டினால் அவள் நடப்பாள். அவள் முன்னால் ஒரு கோடு. அவள் ஓர் அடி வைத்தால் கோடும் ஓர் அடி நகரும். மணல் சலித்துக் கொடுப்பது என் வேலை.

"எப்பக்கா தாண்டுவா?"

"எனக்கே தெரியேல்லை."

அந்தக் கோட்டைத்தான் ஊர் தப்பாகப் பார்த்தது. ஏரியில் யார் எங்கே வலை போடுவது என்று முறைவைத்துப் பிரித்துக்கொள்வதைப் பாடு என்பார்கள். நீங்கள் எங்கள் பாடுகளையெல்லாம் வரைந்து ஏரியின் வடக்கே இருக்கும் ஆந்திராக்காரர்களுக்குக் கொடுக்கிறீர்கள் என்று பேச்சு கிளம்பியது. படத்தை முடிக்காமலே போனீர்கள்.

இன்று உங்கள் தம்பி ஒரு டப்பாவோடு வந்தார். நோயில் நீங்கள் போய்விட்டீர்களாம். சாம்பலை இந்த ஏரியில்தான் கரைக்கச் சொன்னீர்களாம்.

"இன்னாபா, ஏரிய கூறு போட வந்தவ. செத்தும் நம்ம பாட்டுலதான் வந்து படுக்கணுமா? எட்துனு போ" என்றார் ஊர்த் தலைவர்.

கையால் இறால் தடவும் எங்களுக்குப் பாடு கிடையாது. தலைவர் தண்ணீரில் இறங்காதே என்றால் அடுப்பு எரியாது. ஆனாலும் பஸ் நிறுத்தத்தில் அம்மா உங்கள் தம்பியிடம் மெதுவாகச் சொன்னாள்: "அத்த இப்டி குடு தம்பி. பறில இன்னா கீதுனு எவனும் பாக்க மாட்டான்."

ஒருநாள் நீங்களும் பறியைக் கவ்விப் பார்த்து எச்சில் வடிய நின்றீர்களே. "வெள்ளக்காரன் ஊட்டு ரொட்டி துன்ன பல்லு, நிக்காது" என்று அம்மா கேலி செய்தாள். இன்று அதே பறியில் உங்களை வைத்துக் கவ்விக்கொண்டு இடுப்பளவு தண்ணீரில் நடந்தாள். நான் பின்னால் போனேன். தலைவரின் படகு பக்கத்தில் வந்தது.

"இன்னாமே, இறால் கீதா?"

அம்மா இல்லையென்று தலையாட்டினாள். படகு போனதும் பறியைத் தண்ணீரில் கவிழ்த்தாள். நீங்கள் கொஞ்சம் வடக்கே போனீர்கள். மீதி எங்கள் காலடியில் படிந்தீர்கள். கரையில் நின்ற உங்கள் தம்பி கும்பிடவில்லை. கும்பிட்டால் தெரிந்துவிடும்.

நாளைக்கும் அம்மா அங்கேதான் இறால் தடவுவாள். பள்ளிக்கூடம் லீவு, நானும் போக வேண்டும். அந்தச் சேற்றில் கை வைக்கும்போது அழக்கூடாது என்று சொல்லியிருக்கிறாள்.