அழாத ராணி

பாவா,

எழுத்து கோணலாக இருக்கிறது, மன்னிக்கணும். 'க' போட்டால் அது காலை மடக்கி உட்கார்ந்துகொள்கிறது. எழுபது வயதுக்கு மேல்தான் என் கைக்குப் பேனா வந்தது. ஆனாலும் எனக்கு இருக்கிற சந்தோஷம் சொல்லி முடியாது. இதில் ஒரு எழுத்துகூட இன்னொருவர் போட்டுக் கொடுத்தது இல்லை.

முதியோருக்கான மாலை வகுப்பில் டீச்சர் பலகையைத் துடைத்தபோது சாக்பீஸ் தூள் என் முகத்தில் விழுந்தது. அந்த வாசனையோடு நீங்கள் வந்துவிட்டீர்கள். ராணி வேஷத்துக்கு என் முகத்தில் வெள்ளைப் பவுடரை அப்பி, தாடையைப் பிடித்துத் திருப்பிப் பார்ப்பீர்களே, அதே வாசனை.

அக்காவைக் கட்டியதால் எனக்குப் பாவா. கொட்டகையில் எல்லோருக்கும் வாத்தியார். பழைய புராண நாடகங்களை உங்களைப் போல் போட்டவர் திருத்தணி பக்கத்தில் இல்லை. ஒத்திகையில் எங்களை முதுகோடு முதுகாக உட்கார வைப்பீர்கள். "மூஞ்சியப் பாத்துகினு பேசாதே. காதுல வாங்கிப் பேசு" என்பீர்கள். படிக்கத் தெரியாதது அங்கே எனக்கு ஒரு குறையாகவே இல்லை.

நம் வீட்டில் சோறு கேட்பது தமிழில், சண்டை தெலுங்கில். உங்கள் மேடையும் அப்படித்தான். ராஜா தமிழில் ஆளுவார். மயானத்தில் செத்த பிள்ளையை மடியில் போட்டுக்கொண்டு ராணி தெலுங்கில் அழுவாள். தெலுங்கு பேசும் பள்ளிப்பட்டு ஜனமும் தமிழ் பேசும் அரக்கோணத்து ஜனமும் சேர்ந்தே மூக்கைச் சிந்தும்.

சுதந்திரம் வந்த மறுவருஷம், ஆடிக் கிருத்திகை நாடகத்துக்கு முன்னால் திருவிழாக் கமிட்டி இரண்டாகப் பிளந்தது. நம் ஊர் தமிழ்ப் பக்கம் சேருவதா, ஆந்திரப் பக்கம் சேருவதா என்ற சண்டை. ராணி தெலுங்கில் அழக் கூடாது என்றது ஒரு கூட்டம். தமிழில் அழுதால் பந்தலைப் பிரிப்போம் என்றது மற்றது.

"புள்ள செத்தா பெத்தவ எந்தப் பாஷையில அழுவணும்னு நீங்க தீர்மானம் போடுவீங்களா?" என்று கேட்டீர்கள்.

"ஆங், போடுவோம்" என்றார் கமிட்டித் தலைவர், வெற்றிலையைத் துப்பிவிட்டு.

ஆடாவிட்டால் நம் ஆட்கள் வீட்டில் அடுப்பு எரியாது. என்னைத் தனியாகக் கூப்பிட்டு, "பாட்டு வேணாம்டா. சும்மா உக்காந்துக்கோ" என்றீர்கள்.

விடியும் நேரத்து அந்தக் காட்சியில், பிள்ளையை மடியில் வைத்து வாயை மூடிக்கொண்டு உட்கார்ந்தேன். ஆர்மோனியம் மட்டும் அழுதது. ஜனம் ஒன்றும் புரியாமல் துண்டை உதறிக்கொண்டு எழுந்தது.

முடிந்ததும் இரண்டு கூட்டமும் தனித்தனியாக மாலையோடு வந்தன. எதிராளி பாஷையில் ராணியை அழ விடவில்லை, பலே என்று இருவருமே உங்கள் முதுகில் தட்டினார்கள். இரண்டு மாலையோடும் நின்றீர்கள். அவர்கள் போன பிறகு சொன்னீர்கள்: "ரெண்டு பேரும் ஜெயிச்சுட்டானுங்க. செத்த புள்ளைக்கு அழத்தான் ஆளில்ல."

அதற்குப் பிறகு நீங்கள் நாடகம் போடவில்லை. அரக்கோணம் ஸ்டேஷனில் பார்சல் தூக்கினீர்கள். நீங்கள் கண்ணை மூடியபோது அதே கமிட்டிக்காரர்கள் வந்து, கலைக்குப் பெரிய நஷ்டம் என்றார்கள். எந்தப் பாஷையில் சொன்னார்கள் என்று நான் கவனிக்கவில்லை.

அந்தப் பாட்டு இன்னும் என் தொண்டையில்தான் இருக்கிறது. இந்த வாரம் முதல் வரியை எழுதினேன். தெலுங்கு எழுத்து தெரியாது, தெரிந்த எழுத்தில் போட்டேன். "நா கொடுகா, லேரா." என் மகனே, எழுந்திரு. டீச்சர் பார்த்துவிட்டு, "இது நம்ம பாஷை இல்லியே தாத்தா" என்றாள். ஆமாம் என்று தலையாட்டினேன். அழிக்கவில்லை.

ஒரு வரிக்கே விரல் நோகிறது. வரும் வெள்ளிக்கிழமை இரண்டாவது வரியோடு உங்கள் படத்துக்கு முன்னால் வருகிறேன். நீங்கள் முதுகைத் திருப்பி உட்கார்ந்து கேளுங்கள்.